முதல் இந்தியப் பேராயர் அசரியா: தோர்ணக்கலில் தலித் மக்கள் எழுப்பிய திருச்சபை

1912 டிசம்பர் 29 அன்று கல்கத்தாவின் தூய பவுல் பேராலயத்தில், திருநெல்வேலிச் சீமையைச் சேர்ந்த 38 வயதுத் தமிழர் ஒருவர் ஆங்கிலிக்கன் பேராயராக அபிஷேகம் செய்யப்பட்டார். அவர் பெயர் வேதநாயகம் சாமுவேல் அசரியா. 1814இல் கல்கத்தாவுக்கு முதல் ஆங்கிலிக்கன் பேராயர் நியமிக்கப்பட்டதிலிருந்து ஏறத்தாழ நூறு ஆண்டுகள் அந்தப் பதவி வெள்ளையர்க்கு மட்டுமே உரியதாக இருந்தது. அந்த வரிசையில் முதன்முதலாக ஓர் இந்தியர் இடம்பெற்றார்.

திருச்சபை வரலாற்று நூல்கள் இந்நாளை இந்தியத் தலைமையின் தொடக்கமாகக் கொண்டாடுகின்றன. அது சரியே. ஆனால் அசரியா எந்த மக்களின் பேராயராக இருந்தார் என்ற கேள்வியை அந்நூல்கள் பெரும்பாலும் விரைவாகக் கடந்துவிடுகின்றன. அவருடைய தோர்ணக்கல் பேராயத்தின் மக்களில் மிகப் பெரும்பான்மையினர் மாலா, மாதிகா சமூகங்களைச் சேர்ந்த நிலமற்ற கூலிகள், தோல் தொழிலாளர்கள், வெட்டிவேலை செய்ய வைக்கப்பட்டவர்கள். உலக ஆங்கிலிக்கன் சபையில் அசரியாவுக்குக் கிடைத்த மதிப்புக்கு அவர்களுடைய எண்ணிக்கையும் துணிவும் உழைப்புமே அடித்தளம். அவருடைய வாழ்க்கையை அம்மக்களின் பக்கம் நின்று வாசிக்கும்போது, அவருடைய பெருமையும் எல்லையும் ஒருங்கே புலப்படுகின்றன.

வெள்ளாளன்விளையிலிருந்து

அசரியா 1874 ஆகஸ்ட் 17 அன்று, இன்று தூத்துக்குடி மாவட்டத்தில் உள்ள வெள்ளாளன்விளை என்னும் சிற்றூரில் பிறந்தார். தந்தை தாமஸ் வேதநாயகம் சைவ நாடார் குடும்பத்தில் பிறந்து, 1839இல் கிறித்தவராகி, பின்னர் அந்தக் கிராமத்தின் குருவானவராகப் பணியாற்றியவர். தாய் எல்லன். மகன் பதினைந்து வயதை எட்டும் முன்பே, 1889இல் தந்தை மறைந்தார்.

அசரியா பிறந்த சமூகத்தின் வரலாற்றை நினைவில் கொள்ளாமல் அவரைப் புரிந்துகொள்வது கடினம். பத்தொன்பதாம் நூற்றாண்டில் நாடார்கள் கோயில்களுக்குள் நுழைய முடியாதவர்களாக இருந்தனர். தென்திருவிதாங்கூரில் அச்சமூகப் பெண்கள் மார்பை மறைக்கும் உரிமைக்கே போராட வேண்டியிருந்தது. 1799இல் கிறித்தவ நாடார்களுக்குப் புகலிடமாக முதலூர் உருவானது. அதன்பின் பல கிராமங்கள் கூட்டங்கூட்டமாகத் திருச்சபையில் சேர்ந்தன. பள்ளியும் வணிகமும் அச்சமூகத்தை இரண்டு மூன்று தலைமுறைகளில் உயர்த்தின. 1899இல் சிவகாசியில் நாடார்கள் தாக்கப்பட்டபோது அசரியா இருபத்து நான்கு வயது இளைஞர். எழுந்து வரும் ஒரு சமூகம் எத்தகைய எதிர்ப்பைச் சந்திக்கும் என்பதை அவருடைய தலைமுறை கண்ணால் கண்டது.

அதே வேளையில், நாடார்கள் தங்களுக்குக் கீழாக வைக்கப்பட்ட பறையர், பள்ளர் மக்களோடு கொண்டிருந்த உறவில் சாதி முழுமையாக இருந்தது. திருநெல்வேலித் திருச்சபைக்குள் நாடார், வெள்ளாளர் பூசலும் ஓயவில்லை. ஆங்கிலிக்கன் தலைமை சாதியை அறியாமல் இருந்ததில்லை. கல்கத்தாப் பேராயர் டேனியல் வில்சன் 1833இலேயே சபைக்குள் சாதி வேறுபாடுகளைக் கைவிட வேண்டும் என ஆணையிட்டார். தஞ்சை வெள்ளாளக் கிறித்தவர்கள் அதை எதிர்த்தார்கள். புகழ்பெற்ற வேதநாயகம் சாஸ்திரியாரும் அந்த எதிர்ப்பணியில் இருந்தார். ஆணை ஏட்டில் இருந்தது. சாதி இருக்கையிலும் கல்லறையிலும் திருமணத்திலும் இருந்தது. இந்தச் சபையின் பிள்ளைதான் அசரியா.

மெய்ஞ்ஞானபுரத்திலும் பாளையங்கோட்டையிலும் மிஷன் பள்ளிகளில் பயின்ற பின்னர் அவர் சென்னைக் கிறித்தவக் கல்லூரியில் கணிதம் கற்றார். பிற்காலத்தில் தேசியத் தலைவராக விளங்கிய கே.டி. பால் அங்கே அவருக்கு நண்பரானார். நோயின் காரணமாகப் பட்டத் தேர்வை முடிக்காமலேயே கல்லூரியை விட்டு வெளியேறிய அசரியா, 1895இல் ஒய்.எம்.சி.ஏ. செயலாளராகி, 1909வரை தென்னிந்தியா முழுவதும் பயணம் செய்தார். 1898இல் அன்பு மாரியம்மாளை மணந்தார். தென்னிந்தியாவில் கல்லூரிக் கல்வி பெற்ற முதல் கிறித்தவப் பெண்களுள் ஒருவரான அன்பு, பின்னாளில் தோர்ணக்கல் கிராமங்களின் பெண்களிடையே செய்த பணி தனியாக எழுதப்பட வேண்டிய வரலாறு.

தம் காசில், தம் ஆட்களால்

1902இல் யாழ்ப்பாணத்துக்குச் சென்ற அசரியா, அங்கிருந்த தமிழ்க் கிறித்தவ இளைஞர்கள் தங்கள் சொந்தப் பணத்தில் வேற்று நிலங்களுக்கு ஊழியர்களை அனுப்புவதைக் கண்டார். பல தலைமுறைகளாகக் கிறித்தவர்களாக இருந்த திருநெல்வேலி மக்கள் அதைச் செய்யவில்லையே என்ற உறுத்தலோடு திரும்பினார். 1903 பிப்ரவரியில் பாளையங்கோட்டையில் இந்திய மிஷனெரி சங்கம் தொடங்கப்பட்டது. வெளிநாட்டுப் பணம் கூடாது, வெள்ளையர் நிர்வாகம் கூடாது என்பது அதன் அடிப்படை. 1905 டிசம்பர் 25 அன்று செராம்பூரில், அனைத்திந்திய அளவில் தேசிய மிஷனெரி சங்கம் உருவானபோதும் அசரியா அதன் நிறுவனர்களுள் ஒருவராக இருந்தார்.

வங்கப் பிரிவினையை எதிர்த்துச் சுதேசி இயக்கம் எழுந்த ஆண்டு அது. அந்நியத் துணியை மறுத்த அரசியலுக்கும் அந்நிய நிதியை மறுத்த இச்சங்கங்களுக்கும் இடையே காலத்தின் ஒற்றுமை உண்டு. ஆனால் அசரியா தேர்ந்தெடுத்த களம், காங்கிரசு மேடைகள் அன்று எட்டிப் பார்க்காத இடம். நிஜாமின் ஐதராபாத் சமஸ்தானத்தில், இன்றைய தெலங்கானாவின் மகபூபாபாத் மாவட்டத்தில், ரயில் சந்திப்பாக இருந்த தோர்ணக்கல் என்ற சிற்றூரும் அதைச் சூழ்ந்த கிராமங்களுமே அக்களம். ஒய்.எம்.சி.ஏ. பதவியில் இருந்தபடி பிறரை அனுப்புவது போதாது என்று கருதிய அசரியா, 1909இல் குருப்பட்டம் பெற்று, தாமே அங்கே குடியேறினார். தொடக்கத்தில் கூடாரத்தில் தங்கினார். முப்பத்தைந்து வயதில் தெலுங்கு கற்றார்.

எடின்பரோவில் கேட்ட கேள்வி

1910இல் ஸ்காட்லாந்தின் எடின்பரோவில் உலக மிஷனெரி மாநாடு கூடியது. ஏறத்தாழ 1200 பிரதிநிதிகளில் ஆசியர்கள் இருபது பேர்கூட இல்லை. அவர்களில் ஒருவராக மேடையேறிய அசரியா, இந்திய ஊழியர்களை வெள்ளை மிஷனெரிகள் நடத்தும் முறையைப் பற்றிப் பேசினார். மிஷனெரிகளின் தியாகத்தை அவர் மறுக்கவில்லை. ஆனால் ஒரே பணியில் ஆண்டுக்கணக்கில் சேர்ந்து உழைக்கும் இருவரிடையே முதலாளிக்கும் கூலியாளுக்கும் உள்ள உறவே நிலவுகிறது என்றார். இந்தியரைத் தம் வீட்டு மேசையில் அமர்த்தி உணவருந்தாத மிஷனெரிகள் ஏராளம் என்றார். ஏழைகளுக்கு உணவளித்தும் உடலைத் தந்தும் காட்டிய அன்பு போதாது, எங்களை நண்பர்களாக ஏற்றுக்கொள்ளுங்கள் என்பதே அவருடைய முடிவான வேண்டுகோள். அவையில் சிலர் கொதித்தனர், சிலர் வெட்கினர்.

சாதிக்கும் இனவெறிக்கும் உள்ள உறவை இன்று ஆராயும் மாணவர்கள் இவ்வுரையை ஊன்றிக் கவனிக்க வேண்டும். அசரியா முன்வைத்த உதாரணங்கள் சேர்ந்து உண்ணாமை, வீட்டுக்குள் அழைக்காமை, கைகுலுக்கத் தயங்குதல் ஆகியவை. இவையே சாதி இந்துக்களும் சாதிக் கிறித்தவர்களும் தலித் மக்களிடம் கடைப்பிடித்தவை. வெள்ளையரிடம் கேட்ட சமத்துவத்தைத் தம் சபையின் சேரிகளிலும் கேட்டாரா என்பதே அசரியாவின் பிற்கால வாழ்வை அளக்கும் கோல்.

அவர் பேராயராவதற்கு எதிர்ப்பு பல திசைகளிலிருந்து வந்தது. ஓர் இந்தியரின் அதிகாரத்தின் கீழ் வெள்ளைக் குருமார்கள் பணிபுரிவது எப்படி என்று சில மிஷனெரிகள் கேட்டார்கள். இந்தியக் கிறித்தவர்களுக்குள்ளும் சாதிப் பொறாமை இருந்தது. அரசுத் தொடர்புடைய திருச்சபை என்பதால் சட்டச் சிக்கல்களும் எழுந்தன. சென்னைப் பேராயர் ஹென்றி வைட்ஹெட் விடாப்பிடியாக நின்று இந்நியமனத்தைச் சாத்தியமாக்கினார். தொடக்கத்தில் அசரியாவுக்குத் தரப்பட்ட பகுதி சிறியது. ஆண்டுகள் செல்லச் செல்லக் கிருஷ்ணா, கர்நூல் பகுதிகளும் இணைக்கப்பட்டு, பெரும் நிலப்பரப்பு அவர் பொறுப்பில் வந்தது. 1920இல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகம் அவருக்கு மதிப்புறு முனைவர் பட்டம் வழங்கியது.

அசரியாவுக்கு முன்பே தொடங்கிய பயணம்

தெலுங்கு நிலத்தின் மக்கள் இயக்கம் எந்தப் பேராயராலும் தொடங்கப்பட்டதன்று. கிருஷ்ணா நதிக்கரைப் பகுதியின் ராகவாபுரத்தைச் சேர்ந்த பகோலு வெங்கய்யா என்ற மாலா சமூகத்தவர், சிலை வழிபாட்டை வெறுத்து, உண்மைக் கடவுள் யார் எனத் தாமே தேடி அலைந்தவர். நதியில் நீராடும் திருவிழாவுக்கு பெஜவாடா சென்றபோது, அங்கிருந்த வெள்ளைப் பாதிரியாரைப் பற்றி அறிந்து, அவர் வீட்டுக் கதவைத் தட்டினார். 1859இல் அவரும் அவரைச் சேர்ந்தோரும் திருமுழுக்குப் பெற்றனர். அதன்பின் உறவின் முறையாக, ஒரு பள்ளியிலிருந்து அடுத்த பள்ளிக்கு அந்தச் செய்தி பரவியது. பிற்காலத் தோர்ணக்கல் பேராயத்தின் பெரும்பகுதி இந்த வேரிலிருந்து வளர்ந்தது.

ஊருக்குப் புறத்தே ஒதுக்கப்பட்ட குடியிருப்புகளைத் தெலுங்கில் மாலப்பள்ளி, மாதிகப்பள்ளி என்பர். அங்கே மதமாற்றம் தனி மனிதர் முடிவாக நிகழவில்லை. பெரியவர்கள் கூடிப் பேசுவார்கள். குடும்பங்கள் சேர்ந்து முடிவெடுக்கும். பின்னர் ஆளனுப்பித் தங்களுக்கு ஓர் ஆசிரியர் வேண்டும் என்று கேட்பார்கள். ஆசிரியரைக் கேட்டதுதான் இங்கே முக்கியமானது. எழுத்தறிவு மறுக்கப்பட்ட மக்கள், கடவுளையும் எழுத்தையும் ஒரே கோரிக்கையில் கேட்டார்கள். பகலெல்லாம் நிலத்தில் உழைத்தவர்களுக்கு இரவில் பாடம் நடந்தது. அந்த ஆசிரியர் மனு எழுதினார். கடன் பத்திரத்தை வாசித்துச் சொன்னார். தங்கள் கூலி வாசிக்கக் கற்றுக்கொள்வதை நிலவுடைமையாளர் பலர் பொறுக்கவில்லை. அடி, வேலை மறுப்பு, பொய் வழக்கு எனப் பதிலடி வந்தது. அதையும் தாங்கியே மக்கள் வந்தனர்.

பிற்காலத் தோர்ணக்கல் பேராயம் உள்ளடக்கிய பகுதிகளில் 1912இல் ஆங்கிலிக்கன் கிறித்தவர்கள் 57 ஆயிரத்துக்கும் குறைவு. 1941இல் அந்த எண்ணிக்கை இரண்டேகால் லட்சத்தைத் தாண்டியது. 1930களின் நடுவில் ஏறத்தாழ 250 இந்தியக் குருமார்களும் 2000க்கும் மேற்பட்ட கிராம ஆசிரியர்களும் பணியாற்றினர். மருத்துவ நிலையங்களும் கூட்டுறவுச் சங்கங்களும் அச்சகங்களும் இயங்கின. குருமார்களிலும் ஆசிரியர்களிலும் பெரும்பாலோர் மாலா, மாதிகா குடும்பங்களில் பிறந்தவர்கள். தந்தை வெட்டியாளாக இருந்த ஊரில் மகன் மறையுரை ஆற்றும் நிலை ஒரே தலைமுறையில் ஏற்பட்டது. அன்றைய இந்தியாவில் தலித் மக்கள் இத்தனை பெரிய எண்ணிக்கையில் கல்வி, நிர்வாகப் பொறுப்புகளை ஏற்ற அமைப்புகள் மிகச் சில.

பேராயத்தின் நடைமுறை

அசரியா ஆண்டின் பெரும்பகுதியைக் கிராமங்களில் செலவழித்தார். மாட்டு வண்டியிலும் மிதிவண்டியிலும் சென்று, மரத்தடியில் அமர்ந்து, திருமுழுக்குக்கு ஆயத்தமானவர்களைத் தாமே கேள்வி கேட்டார். திருமுழுக்குப் பெற்றவர்கள் தங்கள் கையைத் தங்கள் தலையில் வைத்து, நற்செய்தியைப் பிறருக்குச் சொல்லாவிட்டால் தமக்குக் கேடு என உறுதி கூறினர். ஆண்டுதோறும் சாட்சி வாரம் நடந்தது. அந்த வாரத்தில் கூலித் தொழிலாளர்களே ஊர் ஊராகச் சென்று சாதி இந்துக்களின் தெருக்களிலும் பாடினார்கள். தலித் மக்கள் வாய் திறக்கக் கூடாத தெருக்களில் அவர்கள் போதகர்களாக நின்றதன் பொருளை அரசியல் அகராதியிலும் தேடலாம்.

பேராயத்தின் செலவை மக்களே ஏற்க வேண்டும் என்பதில் அசரியா கண்டிப்பாக இருந்தார். பெண்கள் ஒவ்வொரு வேளை சமைக்கும்போதும் ஒரு பிடி தானியத்தை ஒதுக்கிவைத்தனர். அறுவடைக் காலத்தில் நெல்லும் சோளமும் கோழியும் முட்டையும் காணிக்கையாக வந்தன. திருநெல்வேலியின் பிடியரிசி வழக்கம் தெலுங்குச் சேரிகளிலும் வேர்கொண்டது. கிறித்தவக் கொடை பற்றி அவர் எழுதிய நூல் பல மொழிகளில் பெயர்க்கப்பட்டது. வாங்கும் கை என்று மட்டுமே கருதப்பட்ட மக்களைக் கொடுக்கும் கையாக அவர் நடத்தினார். சோற்றுக்காக மதம் மாறியவர்கள் என்ற ஏச்சுக்கு இதைவிடப் பொருத்தமான மறுமொழி இருக்க முடியாது.

தோர்ணக்கலில் அவர் எழுப்பிய பேராலயம் 1939 ஜனவரி 6 அன்று பிரதிஷ்டை செய்யப்பட்டது. கோயில் மண்டபத் தூண்களும், மசூதிகளை நினைவூட்டும் கும்மட்டங்களும், சிலுவையும் அதில் ஒன்றுசேர்கின்றன. கோயிலுக்குள் நுழைய முடியாதவர்களின் பிள்ளைகள், கோயில் தூண்களைப் போன்ற தூண்களுக்கிடையே, தங்கள் சொந்த வழிபாட்டிடத்தில் நடந்தார்கள்.

இந்த வரலாற்றின் மறுபக்கத்தையும் பார்க்க வேண்டும். தலித் விடுதலையை அசரியா பெரும்பாலும் ஒழுக்க மொழியில் பேசினார். குடியை விடுதல், செத்த மாட்டின் இறைச்சியைத் தவிர்த்தல், தூய்மை, குழந்தை மணத்தைக் கைவிடுதல் ஆகியவை அவருடைய பேராயத்தில் முன்னேற்றத்தின் அளவுகோல்கள். கிராம தேவதைத் திருவிழாக்களில் மாதிகாக்கள் தப்பு அடிப்பதை நிறுத்துவதும் புதிய வாழ்வின் அடையாளமாயிற்று. வெட்டிவேலையாகத் திணிக்கப்பட்ட மேளத்தை மறுத்தது உரிமைச் செயல். அம்பேத்கரும் செத்த மாட்டை இழுக்கவும் உண்ணவும் மறுக்கும்படி மக்களைக் கேட்டார். ஆனால் திணிப்பை மறுப்பது ஒன்று, மக்களின் கலையையே இழிவாகக் காண்பது மற்றொன்று. மிஷன் ஒழுக்கம் இவ்விரண்டையும் பிரித்துப் பார்க்கவில்லை. பறையையும் தப்பையும் விடுதலை இசையாக மீட்டெடுத்த இன்றைய தலித் இயக்கம், அந்த இழப்பையும் சேர்த்தே கணக்கிட வேண்டியுள்ளது.

மாலா, மாதிகா பிளவும் சபைக்குள் தொடர்ந்தது. ஒரு சமூகம் ஒரு மிஷனில் சேர்ந்தால் மற்றது வேறு மிஷனைத் தேடிய கிராமங்கள் தெலுங்கு நாட்டில் பல. அசரியா இதை எதிர்த்தார். சாதியைச் சபைக்குள் அனுமதிக்க முடியாது என்று அறிவுறுத்தினார். இரு சமூகத்தாரையும் ஒரே திருவிருந்தில் அமர்த்தினார். எனினும் திருமண உறவுகள் பெரும்பாலும் பழைய எல்லைகளுக்குள்ளேயே நின்றன.

காந்தியோடு ஏற்பட்ட பிணக்கு

1930களில் தீண்டாமை இந்திய அரசியலின் நடுவிடத்துக்கு வந்தது. 1935 அக்டோபரில் இயோலாவில், இந்துவாகச் சாக மாட்டேன் என்ற தம் முடிவை அம்பேத்கர் அறிவித்தார். அதன் பின் எல்லா மதத் தலைமைகளும் தலித் மக்களை நோக்கித் திரும்பின. காந்தி அஞ்சினார். தீண்டப்படாத மக்களுக்கு மத வேறுபாடுகளை எடைபோடும் ஆற்றல் இல்லை என்றும், மிஷனெரிகள் அவர்களுடைய வறுமையைப் பயன்படுத்துகின்றனர் என்றும் அவர் வாதிட்டார். 1936இன் இறுதியில் அமெரிக்க மிஷனெரித் தலைவர் ஜான் மாட் உடனான உரையாடலில், அம்மக்களின் அறியும் திறனைப் பசுவோடு ஒப்பிடும் அளவுக்குச் சென்றார். தெலுங்கு நாட்டின் மக்கள் இயக்கம் குறித்த மிஷனெரி அறிக்கைகளை அவருடைய ஹரிஜன் இதழ் கடுமையாக விமர்சித்தது.

அசரியா இதை ஏற்கவில்லை. ஆன்மிகத் தேடலையும் சமூக மதிப்புக்கான தேடலையும் பிரிக்க முடியாது என்பது அவர் நிலை. இழிவிலிருந்து வெளியேற விரும்புவதே இறைவனின் அழைப்புக்குப் பதில் கூறுவதாக இருக்கலாம் என அவர் கருதினார். மதமாற்ற இயக்கங்களை நேரில் ஆராய்ந்து எழுதும் பணியை, அவர் தலைமையில் இருந்த தேசியக் கிறித்தவ ஆலோசனைச் சங்கம் ஜே. வாஸ்கம் பிக்கெட்டிடம் ஒப்படைத்தது. 1933இல் வெளிவந்த அந்த நூல், மக்கள் பல காரணங்களால் வருகிறார்கள் என்பதையும், வந்தபின் அவர்களின் வாழ்க்கை மாறுகிறது என்பதையும் கள ஆய்வின் வழியே முன்வைத்தது.

இவ்விவாதத்தின் மையத்தில் ஓர் எளிய கேள்வி இருந்தது. தன் மதத்தைத் தானே தேர்ந்தெடுக்கும் அறிவு தலித்துக்கு உண்டா? காந்தி இல்லை என்றார். அசரியா உண்டு என்றார். அவருக்கு ஆதாரம், அவர் முன் தலையில் கை வைத்து நின்ற ஆயிரக்கணக்கானோர். இன்று பல மாநிலங்களில் மதமாற்றத் தடைச் சட்டங்கள் தலித், பழங்குடி மக்களின் மதமாற்றத்துக்குக் கூடுதல் தண்டனை விதிக்கும்போது, காந்தியின் அதே ஐயமே சட்டப் பிரிவாக உருமாறி நிற்கிறது.

தனித்தொகுதியும் பட்டியலும்

அரசியல் பிரதிநிதித்துவத்தில் அசரியாவின் நிலைப்பாடு வேறு திசையில் சென்றது. வட்டமேசை மாநாடுகளில் இந்தியக் கிறித்தவர்கள் இரு கூறாகப் பிரிந்து நின்றனர். ஏ.டி. பன்னீர்செல்வம் தனித்தொகுதி கேட்டார், கே.டி. பாலும் எஸ்.கே. தத்தாவும் எதிர்த்தனர். 1932 ஆகஸ்டில் வெளியான வகுப்புவாரித் தீர்ப்பு கிறித்தவர்களுக்கும் தனித்தொகுதி அளித்தது. அசரியா அதைக் கண்டித்தார். திருச்சபை பல சாதிகளிலிருந்தும் வர்க்கங்களிலிருந்தும் வந்தவர்களின் கூடுகை. அதை வாக்கு எண்ணும் ஒரு வகுப்பாக மாற்றினால் அதன் இயல்பே கெடும் என்றார். ஒவ்வொரு திருமுழுக்கும் அரசியல் கணக்காகச் சந்தேகிக்கப்படும் என்பதும் அவர் அச்சம்.

சமயத் தலைவர் என்ற நிலையில் இவ்வாதத்துக்கு நேர்மை உண்டு. ஆனால் பிரதிநிதித்துவம் இல்லாமல் தலித் மக்களுக்குப் பாதுகாப்பில்லை என்று அம்பேத்கர் அதே மாதங்களில் போராடிக்கொண்டிருந்தார். செப்டம்பர் 20இல் காந்தி உண்ணாநோன்பு தொடங்கினார். 24இல் புனே ஒப்பந்தம் கையெழுத்தானது. அசரியாவின் மக்கள் ஒரே நேரத்தில் தலித்துகளாகவும் கிறித்தவர்களாகவும் இருந்தனர். தலித் என்ற முறையில் அவர்களுக்கு என்ன உரிமை என்று கேட்க அந்த விவாதத்தில் எவரும் முன்வரவில்லை. அவர்களின் பேராயரும் சபையின் தூய்மையைக் காப்பதிலேயே கவனம் வைத்தார்.

விலை விரைவில் தெரிந்தது. 1936இல் ஆங்கிலேய அரசு வெளியிட்ட பட்டியல் சாதிகள் ஆணை, இந்தியக் கிறித்தவர் எவரும் பட்டியல் சாதியினராகக் கருதப்பட மாட்டார் என்றது. விடுதலைக்குப் பின் 1950 ஆகஸ்ட் 10இல் வெளியான குடியரசுத் தலைவரின் ஆணை, மூன்றாம் பத்தியில், இந்து அல்லாதவரை விலக்கியது. 1956இல் சீக்கியரும் 1990இல் பௌத்தரும் சேர்க்கப்பட்டனர். கிறித்தவ, இசுலாமிய தலித்துகள் வெளியிலேயே நிறுத்தப்பட்டனர். ரங்கநாத் மிஸ்ரா ஆணையம் 2007இல் மதத்தைப் பட்டியல் தகுதியிலிருந்து பிரிக்குமாறு பரிந்துரைத்தும் அது நடைமுறைக்கு வரவில்லை. 2022இல் கே.ஜி. பாலகிருஷ்ணன் தலைமையில் மற்றோர் ஆணையம் அமைக்கப்பட்டது. ஆகஸ்ட் 10ஐக் கருப்பு நாளாகக் கடைப்பிடிக்கும் போராட்டம் இந்த வரலாற்றிலிருந்தே எழுகிறது.

ஒன்றிணைந்த சபை

அசரியாவின் மற்றொரு பெருங்கனவு திருச்சபை ஒற்றுமை. 1919 மே மாதம் தரங்கம்பாடியில், பெரும்பாலும் இந்தியர்களே பங்கேற்ற சிறு கூட்டம், ஐரோப்பியரின் பிரிவினைகளை இந்திய மக்கள் ஏன் சுமக்க வேண்டும் என்ற கேள்வியை எழுப்பியது. அசரியா அதன் முன்னோடிகளுள் ஒருவர். 1927இல் லோசானிலும், 1938இல் தாம்பரத்தில் நடைபெற்ற உலக மிஷனெரி மாநாட்டிலும் இதே கருத்தை வலியுறுத்தினார். ஒரே தெருவில் வாழும் ஏழைகளை ஆங்கிலிக்கன், மெத்தடிஸ்ட், பாப்டிஸ்ட் எனக் கூறுபோடுவது அவர்களை மேலும் வலுவிழக்கச் செய்யும் என்பதை மாலப்பள்ளிகளில் அவர் நேரில் கண்டிருந்தார்.

1945 ஜனவரி 1 அன்று தோர்ணக்கலில் அசரியா மறைந்தார். அங்கேயே அடக்கம் செய்யப்பட்டார். அவருக்குப் பின் தோர்ணக்கலின் பேராயரானவர் ஏ.பி. எலியட் என்ற வெள்ளையர். 1947 செப்டம்பர் 27 அன்று சென்னைத் தூய ஜார்ஜ் பேராலயத்தில் தென்னிந்தியத் திருச்சபை பிறந்தபோது, அதற்காகப் பாடுபட்ட அசரியா உயிரோடு இல்லை.

சபைகள் இணைந்தன, சாதிகள் இணையவில்லை. மதம் மாறிய பின்னும் சாதி ஏன் தொடர்கிறது என்று அம்பேத்கர் கிறித்தவத் திருச்சபையை நோக்கித் தம் கட்டுரைகளில் கேட்ட கேள்வி, இன்றும் திருச்சபைத் தேர்தல்களிலும் கல்லறைத் தோட்டங்களிலும் நிறுவன நியமனங்களிலும் பதிலுக்குக் காத்திருக்கிறது. பேராலயத்தைக் கட்டிய மக்களுக்கு அதன் நிர்வாகத்தில் உரிய இடம் கேட்டுத் தலித் கிறித்தவ இயக்கங்கள் பல பத்தாண்டுகளாகப் போராடுகின்றன.

அசரியாவைத் திருச்சபையின் புனிதராக மட்டும் போற்றுவதோ, காலனியச் சபையின் கருவியாக ஒதுக்குவதோ நமக்குப் பயன் தராது. வெள்ளையரின் மேசையில் சம இடம் கேட்கும் துணிவு அவருக்கு இருந்தது. தலித் மக்களின் தேர்வுரிமையை, நாடே போற்றிய ஒரு தலைவருக்கு எதிராகக் காத்து நின்றார். அம்மக்களுக்குக் கல்வியும் தலைமையும் சாத்தியம் என்பதை நடைமுறையில் நிறுவினார். அரசியல் உரிமை என்னும் வாசலில் மட்டும் அவர் தயங்கி நின்றார். அந்த வாசலைத் திறக்கும் பணியை, தானியத்தைப் பிடிபிடியாக ஒதுக்கிப் பேராயத்தை வளர்த்த அந்தப் பெண்களின் பேரப்பிள்ளைகளே இன்று நீதிமன்றங்களிலும் வீதிகளிலும் தொடர்கின்றனர். எடின்பரோவில் அசரியா வெள்ளையரிடம் கேட்ட கேள்வியை அவர்கள் இப்போது தங்கள் சொந்தச் சபையிடமும் இந்திய அரசிடமும் கேட்கிறார்கள். அதற்குப் பதில் சொல்லும் கடமை இவ்விரண்டுக்கும் உண்டு.